சிவப்புப் புள்ளி வைத்த கிண்ணங்கள்

ஈசாக்கன்கொட்டாய்,
கடத்தூர் வழி,
தருமபுரி மாவட்டம்.
14-11-2025

அன்பு மகள் கலைமதிக்கு அப்பா எழுதுவது. நானும் உன் அம்மாவும் கர்த்தருடைய கிருபையால் உடம்பளவில் சுகமாக இருக்கிறோம், மனசளவிலும் அப்படித்தான் என்று எழுதப் பேனா வரவில்லை. நீயும் மாப்பிள்ளை கதிரவனும் பேத்தி ரெபேக்காளும் அந்தக் குளிரில் சளி காய்ச்சல் இல்லாமல் இருக்க தினமும் கேட்டுக்கொள்கிறோம். இங்கே ஐப்பசி மழை நன்றாகப் பெய்து கிணற்றில் தண்ணீர் ஏறியிருக்கிறது. பாலக்கோடு மார்க்கெட்டில் தக்காளி விலை விழுந்துவிட்டதால் நம்ம நிலத்தைக் குத்தகைக்கு எடுத்தவர் பறிக்காமலே விட்டுவிட்டார், செடியிலேயே அழுகுகிறது, காற்று இந்தப் பக்கம் திரும்பினால் வீடு முழுக்க அந்த நாற்றம்தான். அம்மாவுக்குச் சர்க்கரை போன மாதத்தைவிடக் குறைந்திருக்கிறது, ஆனால் சாப்பாடும் பேச்சும் அதைவிடக் குறைந்திருக்கிறது. அதற்குக் காரணம் கீழே வரும்.

நீ வாட்ஸாப்பில் பேசி அனுப்பியதை நாலு முறை கேட்டேன். பிரிஸ்டலில் நீ போகிற மெதடிஸ்ட் சபையில் ஒரு ஞாயிறு வைத்து, கானா நாட்டுக்காரர், ஜமைக்காக்காரர், மலையாளி, நீ என்று ஒவ்வொருவரும் தங்கள் குடும்பத்துக்கு இந்த மார்க்கம் எப்படி வந்தது என்று பேசப் போகிறீர்கள், அதற்குப் பத்து வரியும் நம்ம கோயில் போட்டோவும் வேண்டும் என்று கேட்டிருந்தாய். பத்து வரிதானேப்பா என்று சொல்லிச் சிரித்தாய். வேறு சமயமாக இருந்தால் நாற்பது பக்கம் எழுதிப் பாதியைக் குறைக்கச் சொல்லி உன்னிடமே திட்டு வாங்கியிருப்பேன். இப்போது மூன்று முறை எழுதி மூன்றையும் கிழித்துப் போட்டேன். நம் பாட்டன் பெருமையை எழுதி நாலாவது வரிக்கு வருவதற்குள் குமட்டுகிறது. போனில் சொல்லலாம் என்றால் அம்மா பக்கத்திலேயே இருப்பாள். அதனால்தான் காகிதத்தில் எழுதுகிறேன், நீ தனியாக இருக்கும்போது படி.

முதலில் நீ கேட்டதைச் சொல்லிவிடுகிறேன். என் தாத்தாவுக்கு அப்பா அம்மா வைத்த பெயர் இருசன். பறையர் வீட்டுப் பிள்ளை, ஊர்க் கிணற்றுப் பக்கம் போக முடியாது, செத்த மாட்டை இழுக்க வேண்டும், சாவுக்குப் பறையடிக்க வேண்டும், கூலி என்று ஒரு மரக்கால் கேழ்வரகு. பதினெட்டு வயதில் ஒருநாள் பொம்மிடியில் ரயிலேறி, ஜோலார்பேட்டை போய், அங்கிருந்து கோலார் தங்கவயலுக்குப் போய்விட்டார். பூமிக்கடியில் ஆயிரக்கணக்கான அடி ஆழத்தில் பாறை உடைக்கிற வேலை. மேலே வந்ததும் சாராயக் கடை. சம்பள நாளில் நடந்து போவாராம், தூக்கிக்கொண்டு வருவார்களாம். அங்கே சுரங்கக்காரர்கள் குடியிருந்த லைன் வீட்டில் தாவீது என்று ஒரு மெதடிஸ்ட் பிரசங்கி இருந்தார். பிரசங்கி என்றால் அங்கி போட்டவர் இல்லை, அவரும் சுரங்கத்தில் மண் அள்ளுகிறவர்தான். வாரத்தில் ஒருநாள் பன்னிரண்டு பேரை உட்கார வைத்து ஒவ்வொருவரையும் ஒரே கேள்வி கேட்பார், இந்த வாரம் உன் ஆத்துமா எப்படி இருந்தது என்று. அதற்குப் பதில் சொல்வதென்றால் எத்தனை நாள் குடித்தாய், மனைவியை அடித்தாயா, யாரை ஏமாற்றினாய் எல்லாம் சொல்லியாக வேண்டும். கேட்கிறவரும் தன்னுடையதைச் சொல்ல வேண்டும். அதற்குப் பெயர் கிளாஸ். நம் தாத்தா ஏழு மாதம் பொய் சொல்லிவிட்டு எட்டாவது மாதம் உண்மையைச் சொன்னாராம். அன்றைக்கு விட்டவர் சாகிறவரை தொடவில்லை. இருசன் ஈசாக்கு ஆனது அங்கேதான்.

கல்தூசு நெஞ்சில் படிந்து வேலைக்கு ஆகாத உடம்பாக ஊர் திரும்பினார். ஒரு அரிக்கேன் விளக்கு, ஒரு வேதாகமம், அந்த ஒரு கேள்வி, இவ்வளவுதான் கொண்டுவந்தது. இருமிக்கொண்டே கிளாஸ் நடத்தினார். குடி நின்ற வீட்டில் பிள்ளைகளுக்குச் சோறு மிஞ்சியது, சோறு மிஞ்சிய வீட்டுப் பிள்ளை படிக்க உட்கார்ந்தது. கோலாரிலிருந்து ஒரு போதகம்மா மாட்டு வண்டியில் வந்து இரண்டு மாதம் தங்கிப் பெண்களுக்கு எழுத்து சொல்லிக் கொடுத்தார். செத்த மாடு இழுக்க மாட்டோம் என்று முதலில் சொன்னது பெண்கள்தான், அதற்காக ஊர்க்காரர்கள் நம் மூன்று கொட்டாய்களைக் கொளுத்தினார்கள். கொளுத்திய இடத்தில் நம்மவர்கள் ஒரு கிணறு வெட்டினார்கள், யார் வேண்டுமானாலும் இறைக்கலாம் என்று கல்லில் பொறித்து வைத்தார்கள். என் அப்பா வாத்தியார் ஆனதும், நான் சுகாதார ஆய்வாளர் ஆனதும், நீ நர்ஸ் படித்துக் கடல் தாண்டிப் போனதும் அந்தப் பன்னிரண்டு பேர் கூட்டத்தால்தான். கோயில் போர்டில் பெயர் இரண்டு முறை மாறிவிட்டது, ஆனால் கடத்தூர் பஸ்ஸில் கண்டக்டர் இன்றைக்கும் மெதடிஸ்ட் கோயில் இறங்கு என்றுதான் சொல்கிறார்.

நீ இருக்கிற பிரிஸ்டல் பக்கத்தில்தான் இதெல்லாம் தொடங்கியது என்று உனக்குச் சண்டே ஸ்கூலில் நான் சொன்னது ஞாபகம் இருக்கும். கோயில்காரர்கள் கதவைச் சாத்தியதால் இந்தச் சபையை ஆரம்பித்த வெஸ்லி மைதானத்தில் நின்று பேசினார், நிலக்கரி வெட்டுகிறவர்கள் கரி முகத்தோடு வந்து கேட்டார்கள். மனிதனை மனிதன் விற்பதைப் போல் கேவலம் உலகத்தில் இல்லை என்று சாகிற வாரம்கூடக் கடிதம் எழுதினார். அவர் பேரைச் சொல்லிக்கொண்டவர்களே அமெரிக்காவில் ஒரு நகரத்துக் கோயிலில், முழங்கால்படியிட்டு ஜெபித்துக்கொண்டிருந்த கறுப்பு மக்களைப் பாதி ஜெபத்தில் தூக்கி எழுப்பி இது உன் இடம் இல்லை என்று விரட்டப் பார்த்தார்கள். அவர்கள் மொத்தமாக வெளியே போய்த் தங்களுக்கென்று ஒரு சபை கட்டினார்கள். இதை வருஷா வருஷம் சொல்லும்போது நான் முகத்தைச் சுளிப்பேன், பிள்ளைகளும் சுளிப்பார்கள். அந்த வெள்ளைக்காரன் செய்த அசிங்கம் நமக்கு வராது என்று ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்வேன். முப்பது வருஷம் சொல்லியிருக்கிறேன். இப்போது அந்த வாயைக் கழுவ வேண்டும் போல இருக்கிறது.

செல்லியை உனக்குத் தெரியாது. கடத்தூர் பேரூராட்சியில் தூய்மைப் பணியாளர், அருந்ததியர் வீடு, முப்பத்தைந்து வயது இருக்கும், இரண்டு பெண் பிள்ளைகள். கொரோனா வந்தபோது நான் சர்வீஸில் கடைசி வருஷங்களில் இருந்தேன். பிணத்தைப் பையில் கட்டுகிற வேலைக்குப் பெற்ற பிள்ளைகளே வராதபோது அவள்தான் வந்தாள். அவள் புருஷன் ராஜா கக்கூஸ் தொட்டி சுத்தம் பண்ணுகிற வண்டியில் வேலை, காலையிலேயே குடித்துவிட்டுத்தான் வண்டியேறுவான், குடிக்காமல் அந்தக் குழியில் இறங்க முடியாது என்பான். போன வருஷம் கிறிஸ்மஸ் முடிந்து செல்லி நம் வீட்டுக்கு வந்தாள், வாசலிலேயே நின்றுகொண்டு, உங்க கோயிலில் குடியை நிறுத்திவிடுவார்களாமே என்று கேட்டாள். எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது கண்ணு. நம் கிளாஸ் பெயருக்குத்தான் நடந்துகொண்டிருந்தது, ஐந்தாறு பென்ஷன்காரர்கள் உட்கார்ந்து ஆத்துமா நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு டீ குடித்துக் கலைவோம். ராஜா வந்து உட்கார்ந்த பிறகுதான் அந்தக் கேள்விக்கு மறுபடி உயிர் வந்தது. அவன் கைநடுக்கம் நிற்க ஆறு வாரம் ஆனது. ஈஸ்டர் அன்று குடும்பமாக ஞானஸ்நானம் எடுத்தார்கள். நான்தான் சாட்சிக் கையெழுத்து.

மே மாதம் முதல் ஞாயிறு திருவிருந்து. நம் கோயிலில் திராட்சைச் சாற்றுக்கு ஒரே கிண்ணம்தான் என்று உனக்குத் தெரியும், உன் தாத்தா காலத்து வெள்ளிக் கிண்ணம், கொரோனா சமயத்தில் நிறுத்தி வைத்துவிட்டு மறுபடி எடுத்தோம். திருவிருந்து மேசை முன்னால் இருக்கிற கிராதியில் எல்லோரும் முழங்கால்படியிட்டபோது ராஜாவுக்கும் செல்லிக்கும் இரண்டு பக்கமும் இரண்டு ஆள் இடம் காலியாகக் கிடந்தது. அவர்களுக்குப் பிறகு கிண்ணம் யாரிடம் போனதோ அவர்கள் உதட்டை மூடிக்கொண்டு தலையை மட்டும் சாய்த்தார்கள். கோயில் செக்ரட்டரி வீரமணி, உனக்குச் சித்தப்பா முறை, அவர் மனைவி சோபனா முந்தானையால் வாயைத் துடைத்தாள், குடிக்காத வாயை எதற்குத் துடைக்க வேண்டும். நான் பார்த்தேன். பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டேன், ஜெபம் பண்ணுகிற மாதிரி.

அடுத்த வாரம் வீரமணி வீட்டுக்கு வந்தார். அம்மா காபி கொடுத்தாள். சபையில் வயசானவர்கள் அதிகம், ஒரே கிண்ணத்தில் கிருமி பரவும், ஆளுக்கொரு சின்னக் கண்ணாடிக் கிண்ணம் வாங்கலாம் என்று கமிட்டியில் பேசியிருக்கிறோம், சுகாதாரத் துறையில் இருந்தவர் நீங்கள் ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தால் யாரும் எதிர்த்துப் பேச மாட்டார்கள் என்றார். தனிக் கிண்ணத்தில் ஒரு குற்றமும் இல்லை, உன் சபையிலும் அப்படித்தான் என்று நீயே சொல்லியிருக்கிறாய். ஆனால் இது எதற்காக என்று அவர் காபியை முடிப்பதற்குள் எனக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்துதான் எழுதினேன். கிருமி, எச்சில், காற்று என்று ஒரு பக்கம் எழுதி, ஓய்வு பெற்ற சுகாதார ஆய்வாளர் என்று கீழே போட்டு, பழைய ரப்பர் ஸ்டாம்பைத் தேடி எடுத்துக் குத்தினேன். ரிட்டயர்டு ஆன பிறகு யாரும் என்னை ஒன்றும் கேட்பதில்லை, இவர் வந்து கேட்டாரே என்று மனசுக்குள் ஒரு சந்தோஷம். அந்தச் சந்தோஷத்தை நினைத்தால்தான் எனக்கு என்மேலேயே அதிகம் அருவருப்பாக இருக்கிறது.

ஜூலையில் கிண்ணங்கள் வந்தன, தட்டில் வரிசையாக நாற்பது. ஆகஸ்ட் மூன்றாம் தேதி ஆராதனை முடிந்து கழுவுகிற முறை எனக்கும் சோபனாவுக்கும். கோயிலை ஒட்டின வெஸ்ட்ரி அறையில் ஒன்று ஒன்றாகக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தேன். இரண்டு கிண்ணத்தில் மட்டும் அடியில் சிவப்பாக ஒரு புள்ளி இருந்தது. திராட்சைச் சாறு காய்ந்திருக்கிறது என்று நகத்தால் சுரண்டினேன், போகவில்லை. சோபனா பார்த்துவிட்டு, சாதாரணமாக, உப்பு எடுத்துக் கொடுங்கள் என்று கேட்கிற குரலில் சொன்னாள்,

"அந்தப் புள்ளி வெச்சத இதோட போடாதீங்க மாமா. அது வெளிய கொழாயில கழுவுறது."

டி.பி. வேலையில் இருந்த காலத்தில் சளி பிடிக்கிற டப்பாக்களில் நான் சிவப்பு மையால் குறி போட்டிருக்கிறேன், மற்றதோடு கலந்துவிடக் கூடாது என்று. அந்த டப்பாதான் கண் முன்னால் வந்தது. உள்ளே இருந்த சளியும் வந்தது. வெளியே போய் வேப்பமரத்தடியில் வாந்தி எடுத்தேன். எடுத்துவிட்டு என்ன செய்தேன் என்று நீ கேட்பாய். அந்த இரண்டு கிண்ணத்தையும் வெளியே குழாயில் கழுவி வைத்துவிட்டு வீட்டுக்கு வந்தேன். அதுதான் செய்தேன்.

வீட்டில் சாப்பிட உட்காரவில்லை. அம்மா காரணம் கேட்டாள், சொன்னேன். அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு அடுப்பை அணைத்தாள். பிறகு சொன்னாள், ஜூன் கடைசியில் சோபனா வந்து சிவப்பு நெயில் பாலிஷ் இருக்கிறதா என்று கேட்டாளாம், உன் அலமாரியில் நீ விட்டுப்போனது பாதி பாட்டில் இருந்தது, எடுத்துக் கொடுத்தாளாம். எதற்கென்று கேட்டாயா என்றேன். வீட்டுப் பாத்திரத்துக்கு அடையாளம் வைக்க என்று நினைத்தேன் என்றாள். கல்யாணத்துக்கு முன்னால் நீ தருமபுரியில் ஆசையாக வாங்கியது, அம்மா கூடாது என்று திட்டியதும் நான் இருக்கட்டும் விடு என்று சொன்னதும் எனக்கு ஞாபகம் இருக்கிறது. உன்னிடம் இதை மறைக்கலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். மறைத்தால் நானும் இன்னொரு கடிதம் எழுதிக் கொடுத்த மாதிரி ஆகிவிடும்.

கிண்ணம் கழுவியதற்கு மறுநாள் காலையில் பேரூராட்சி குப்பைக் கிடங்குக்குப் போய் செல்லியைப் பார்த்தேன். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் மழையைப் பற்றிப் பேசினேன். அவளே கையுறையைக் கழற்றிவிட்டுச் சொன்னாள்,

"தெரியும்ங்க சார். டீக்கடையில தனி கிளாசு பாத்து வளந்தவதான நானு. மொத நாளே அடியில பாத்துட்டேன். சாமி கிண்ணத்துலயும் வெப்பாங்கன்னு மட்டும் நெனைக்கலீங்க."

புருஷனிடம் சொல்லாமல் ஒரு மாதம் வைத்திருந்திருக்கிறாள், சொன்னால் அவன் குடித்துவிடுவான் என்று. ஆனால் முந்தின நாள் பெரிய பெண் பார்த்துவிட்டு அப்பாவிடம் கேட்டிருக்கிறது, நமக்கு மட்டும் ஏன் சிவப்பு என்று. அன்று சாயங்காலம் ராஜா டாஸ்மாக் கடைக்குப் போனான். ஏழு மாதம் தொடாதவன். எனக்கு அழுகை வரவில்லை கண்ணு, துப்ப வேண்டும் போல இருந்தது, யார்மேல் துப்புவது என்று பார்த்தால் என் முகம்தான் முதலில் தெரிந்தது. ஊர்க் கிணற்றில் தண்ணீர் கொடுக்காதவர்களின் பேரப்பிள்ளைகள் செய்தால் கோபம் வரும். கொளுத்தப்பட்ட கொட்டாயில் பிறந்தவர்களின் பேரப்பிள்ளைகள் உட்கார்ந்து, பிரஷ்ஷைத் தொட்டு, கை நடுங்காமல் ஒரு சின்ன வட்டம் வரைந்திருக்கிறார்கள் என்றால் அதற்கு என்ன பெயர் வைப்பது. காய்கிறவரை ஊதிக்கூட இருப்பார்கள்.

செப்டம்பர் ஏழாம் தேதி திருவிருந்து. ராஜா வரவில்லை, செல்லி இரண்டு பெண்களோடு கடைசி பெஞ்சில் இருந்தாள், நான்தான் வரச் சொல்லிக் கெஞ்சியிருந்தேன். சமாதானம் சொல்லுகிற நேரத்தில் நான் எழுந்து முன்னால் போய் நின்றேன். மைக்கைப் பிடிக்கவில்லை. மே மாதம் நான் எழுதிக் கொடுத்த கடிதம் பொய், கிருமிக்காக எழுதியதில்லை, இரண்டு பேருக்குப் பிறகு வாய் வைக்க நம்மால் முடியவில்லை என்பதற்காக எழுதியது, அது எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும் என்று சொன்னேன். தட்டிலிருந்து புள்ளி வைத்த கிண்ணத்தை எடுத்து உயர்த்தி அடியைக் காட்டினேன். வீரமணி உட்கார்ந்தபடியே நிதானமாகச் சொன்னார்,

"நாங்க யாரையும் வெளிய போவச் சொல்லலீங்களே அண்ணா. உள்ள ஒக்காத்தி வெச்சி, சாமி ஒடம்பும் ரத்தமும் குடுக்கறோம். இதுக்கு மேல என்னா செய்யணும்ங்கறீங்க?"

அந்தக் குரலில் கொஞ்சம்கூட அழுக்கு இல்லை. அதுதான் என்னால் இன்றைக்கும் தாங்க முடியவில்லை. பாஸ்டர் சின்ன வயசு, புதுசாக வந்தவர், கமிட்டியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், அடுத்த பாட்டு எண்ணைச் சொன்னார். நான் அந்தக் கிண்ணத்தில் இருந்ததைக் குடித்துவிட்டுக் கடைசி பெஞ்சுக்குப் போய் செல்லியின் பிள்ளைகள் பக்கத்தில் உட்கார்ந்தேன். எனக்குப் பின்னால் யாராவது எழுந்து வருவார்கள் என்று எதிர்பார்த்தேன். நாற்பது பேரில் சின்னம்மாள் அக்கா மட்டும் வந்தார்கள், சத்துணவு ஆயாவாக இருந்து ரிட்டயர்டு ஆனவர்கள், முட்டி வலியோடு பெஞ்சைப் பிடித்துப் பிடித்து வந்தார்கள். உன் அம்மா எழுந்திருக்கவில்லை.

அதற்குப் பிறகு கமிட்டி கூடி என்னைக் கிளாஸ் பொறுப்பிலிருந்து எடுத்துவிட்டது, ஆராதனை ஒழுங்கைக் கெடுத்ததற்காக என்று காகிதம் வந்தது. மேலே உள்ளவர்களுக்கு எழுதியிருக்கிறேன், விசாரிக்கிறோம் என்று ஒரு வரி பதில் வந்திருக்கிறது. இன்னொன்று கேள், சிரிப்பு வரும், பிறகு வேறு ஏதோ வரும். விஷயம் வெளியே தெரிந்ததும் சோபனா நெயில் பாலிஷ் ரிமூவர் வைத்து அந்தப் புள்ளிகளைத் துடைத்துவிட்டாள். துடைத்த பிறகுதான் அவர்களுக்குப் புரிந்தது, நாற்பதில் எந்த இரண்டு என்று இனி யாருக்கும் தெரியாது. இப்போது கமிட்டிக் குடும்பங்களில் ஒருவரும் குடிப்பதில்லையாம், எடுத்து உதட்டருகே கொண்டுபோய் அப்படியே வைத்துவிடுகிறார்கள், ஆராதனை முடிந்ததும் சாற்றை மொத்தமாகக் கழுவும் தொட்டியில் ஊற்றுகிறார்கள் என்று சின்னம்மாள் அக்கா பார்த்துவிட்டு வந்து சொன்னார்கள்.

கிளாஸை நிறுத்தவில்லை. வியாழக்கிழமை சாயங்காலம் தூய்மைப் பணியாளர் குடியிருப்பில் செல்லியின் வீட்டில் வைத்து நடத்துகிறோம். நான், சின்னம்மாள் அக்கா, செல்லி, அவள் வேலைக் கூட்டாளிகள் மூன்று பேர். முதல் இரண்டு வாரம் ராஜா உள்ளே வரவில்லை, வெளியே வண்டிமேல் உட்கார்ந்திருந்தான். மூன்றாவது வாரம் வாசற்படி வரை வந்தான், சாராய நாற்றம் அடித்தது. கேள்வி என்னிடம் வந்தபோது நான் எல்லாவற்றையும் சொன்னேன், காபி குடித்துக்கொண்டு எழுதியது, ரப்பர் ஸ்டாம்பு தேடியது, வெளிக் குழாயில் கழுவியது எல்லாம். கோயிலில் சொன்னது சுலபம், அங்கே கோபம் துணைக்கு இருந்தது. இங்கே அவர்கள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டியிருந்தது. வாசற்படியிலிருந்து ராஜா பேசினான்.

"நீங்க எழுதிக் குடுத்தீங்க. நானு குடிச்சேன். அடுத்த வியாழன் வரைக்கும் ரெண்டு பேரும் செய்யாம இருந்து பாக்கலாம்ங்க."

மன்னித்தேன் என்று அவன் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நேற்றோடு ஐந்து வாரம் ஆகிறது. இரண்டாவது வாரம் ஒருநாள் தவறினான், வந்து சொன்னான். இப்போது உள்ளே வந்து உட்காருகிறான். குழியில் இறங்காமல் மெஷினில் செய்கிற வேலைக்கு மாற்றக் கேட்டு ஒரு மனு எழுதிக் கொடுத்திருக்கிறேன். இந்த முறை எதற்கு எழுதுகிறேன் என்று தெரிந்து, வெட்கப்படாமல் எழுதினேன்.

அம்மா கோயிலுக்கும் போவதில்லை, அங்கேயும் வருவதில்லை. போன திங்கட்கிழமை துணி மடித்துக்கொண்டிருந்தவள் என்னைப் பார்க்காமலே சொன்னாள், "சோபனா எதுக்குன்னு சொல்லித்தாங்க கேட்டா. எனக்கு அப்பவே தெரியும்." இத்தனை நாள் அதை வைத்துக்கொண்டு சோறு இறங்காமல் இருந்திருக்கிறாள். மீதித் துணியை நானும் மடித்தேன். நீ போன் பண்ணும்போது இதை எடுக்காதே, அவளே எடுத்தால் கத்தாமல் கேள். உனக்குக் கோபம் வரும், வர வேண்டியதுதான், ஆனால் அந்தக் கோபத்தை அவள் ஒருத்தி தலையில் மட்டும் கொட்டிவிடாதே, எனக்கும் கொஞ்சம் மீதி வை.

உன் சபையில் பேசுகிற நாளில் ஈசாக்கு தாத்தா கதை வரை வந்ததும் அவர்கள் கைதட்டுவார்கள், சிலர் கண்ணைத் துடைப்பார்கள். அங்கே நிறுத்திவிட்டு உட்கார உனக்கே ஆசையாக இருக்கும். உட்காராதே. கைதட்டல் அடங்கும் வரை நின்று மீதியையும் படி, என் பெயரைச் சொல்லியே படி. சங்கடமாக இருந்தால் இருக்கட்டும். கோயில் போட்டோ அனுப்பவில்லை. செல்லி வீட்டு முன்னால் நாங்கள் ஏழு பேரும் நிற்கிற போட்டோவை மாப்பிள்ளை நம்பருக்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன், செல்லியின் பெரிய பெண் எடுத்தது, கொஞ்சம் சாய்ந்திருக்கிறது.

தைராய்டு மாத்திரையை வெறும் வயிற்றில் போடு, டீக்கு முன்னால், மறந்துவிட்டு மத்தியானம் போடுகிற பழக்கத்தை விடு. நைட் டூட்டி முடிந்து வரும்போது காதை மூடிக்கொள். மாப்பிள்ளைக்கு என் அன்பு. ரெபேக்காளுக்குத் தமிழ் எழுத்து சொல்லிக் கொடுப்பதை நிறுத்தாதே. கர்த்தர் உங்கள் மூன்று பேரையும் போக்கிலும் வரத்திலும் இருக்கிற இடத்திலும் காத்து, நாங்கள் மூடிக்கொண்ட இடத்தில் உங்களுக்குக் கண்ணைத் திறந்து வைக்கட்டும்.

உன் அப்பா,
மா. தானியேல்